டங்டுட் யாருடைய சொத்து?

இந்தோனேசியாவில் டங்டுட் இசையின் அரசன் என்றால் அது ரோமா இராமாதான். அந்தப் பட்டத்துக்கு அவர் முழுத் தகுதி உடையவர். ஆனால், ஓர் இசையை வளர்த்தவருக்கு அதைச் சுற்றி வேலி போடும் உரிமையும் உண்டா? 2003-இல் இனுல் தாராதிஸ்தா என்ற பாடகியைச் சுற்றி எழுந்த சர்ச்சையின் மையக் கேள்வி இதுவே.

முதலில் ரோமாவின் சாதனை. 1950, 60களில் டங்டுட்டின் முன்னோடிகளான மலாய் இசைக்குழுக்கள் இந்தி சினிமா மெட்டுகளைத் தழுவிப் பாடிவந்தன. 1970-இல் சொனேத்தா குழுவைத் தொடங்கிய ரோமா, அந்த மெட்டுகளின் குழைவோடு டீப் பர்ப்பிள் ராக் குழுவின் பாணி எலெக்ட்ரிக் கிதாரைச் சேர்த்தார். நகரத்து நடுத்தர வர்க்கம் பட்டிக்காட்டுத்தனம் என்று ஒதுக்கிய இசை நாடெங்கும் ஒலித்தது. அவர் பாடல்களில் சமயப் போதனை உண்டு. மனித உரிமையும் ஏழை பணக்காரர் ஏற்றத்தாழ்வும் உண்டு. 1977 தேர்தலில் ஆளுங்கட்சிக்கு எதிரான இஸ்லாமியக் கட்சிக்குப் பிரசாரம் செய்ததால், அரசுத் தொலைக்காட்சி சுமார் பத்தாண்டுகள் அவரை ஒதுக்கிவைத்தது. கேசட்டும் சினிமாவும்தான் அவரை மக்களிடம் கொண்டுசேர்த்தன.

இனுல் கிழக்கு ஜாவாவின் பாசுருவானிலிருந்து வந்தவர். கல்யாணம், சுன்னத் விழா மேடைகளில் பாடியவர். இடுப்பை வேகமாகச் சுழற்றும் அவருடைய ஆட்டம் திருட்டு விசிடிகள் வழியே பரவி, ஜகார்த்தாவின் தொலைக்காட்சியை எட்டியது. பாடல் வளத்தில் அவர் ரோமாவுக்கு நிகரில்லை. ஆனால் கோப்லோ எனப்படும் கிராமத்துத் துரித டங்டுட்டை எவர் அனுமதியும் கேட்காமல் தேசிய மேடைக்குக் கொண்டுவந்தவர் அவர்.

இந்த ஆட்டம் டங்டுட்டை இழிவுபடுத்துகிறது, தன் பாடல்களை இனுல் பாடக்கூடாது என்றார் ரோமா. அவர் கவலையில் நியாயம் இல்லாமலில்லை. கோப்லோ மேடைகள் பல, பாடகியின் குரலைவிட உடலையே விற்கின்றன. பாடல் இயற்றியவருக்கு உரிய பணம் போவதில்லை என்ற குறையும் உண்மை. ஆனால் அந்தக் கண்டனம் மேடையை நடத்திய முதலாளிகளையும் காசு வீசிய ஆண்களையும் விட்டுவிட்டு, ஆடிய பெண் மீதே விழுந்தது. ரோமா ஆதரித்த ஆபாச எதிர்ப்புச் சட்டம் 2008-இல் நிறைவேறியபோது, உடல் அசைவும் ஆபாசத்தின் வரையறைக்குள் வந்தது. தங்கள் மரபுக் கலைகளுக்கு ஆபத்து என்று பாலித் தீவினர் அதை எதிர்த்தார்கள்.

தடை இல்லாவிட்டால் இசை சீரழியும் என்ற வாதத்தை அடுத்த தலைமுறை பொய்யாக்கியது. அதே கிழக்கு ஜாவா கோப்லோ மேடைகளில் வளர்ந்த வியா வாலன், 2018 ஆசிய விளையாட்டுப் போட்டியின் தொடக்க விழாவில் பாடினார். கோப்லோ தன்னைத் தானே செப்பனிட்டுக்கொண்டது. அதற்குக் காவலர் தேவைப்படவில்லை.

எனவே என் தீர்ப்பு: இசைக்கலைஞராக ரோமாவுக்கு இணை இல்லை, ஒழுக்கக் காவலராக அவர் தவறினார். அதிகாரம் ஒரு பாடகரின் வாயை அடைப்பது எத்தகையது என்பதை அனுபவித்து அறிந்தவர் என்பதால், அந்தத் தவறின் எடை கூடுகிறதே தவிரக் குறையவில்லை.