ஒரு பாட்டோடு நின்றவர்களா பகிள்ஸ்?

பாப் இசையைப் பற்றி எழுதுகிறவர்களிடம் ஒரு பழக்கம் உண்டு. ஒரு பாட்டால் உச்சிக்குப் போய், அப்புறம் பேச்சில் அடிபடாமல் போனவர்களை 'ஒரே ஹிட்காரர்கள்' என்று தனிப் பட்டியலில் போட்டுவிடுவார்கள். ட்ரெவர் ஹார்னும் ஜெஃப் டவுன்ஸும் சேர்ந்து நடத்திய பகிள்ஸ் என்ற பிரிட்டிஷ் இரட்டையர் குழுவுக்கு அந்தப் பட்டியலில் நிரந்தர இடம். பாட்டு, 1979-இல் வந்த 'வீடியோ கில்ட் த ரேடியோ ஸ்டார்'. பட்டியலே வீண் என்று நான் சொல்லவில்லை. 1969-இல் அமெரிக்காவில் ஆறு வாரம் முதலிடத்தில் இருந்த ஸேகர் அண்ட் எவன்ஸ் இரட்டையர் அதன்பின் அந்தத் தரவரிசையில் தலைகாட்டவே இல்லை. இன்றைக்கு அவர்கள் பெயர் யாருக்காவது தெரிகிறதென்றால் அது பெரும்பாலும் இப்படிப்பட்ட பட்டியல்களின் புண்ணியம். பாப் இசை பாட்டுப் பாட்டாகத்தான் மக்களிடம் போய்ச் சேருகிறது என்பதையும் பட்டியல் சரியாகவே பிடித்திருக்கிறது. சிக்கல், அது எதை அளக்கிறது என்பதில் இருக்கிறது.

பகிள்ஸின் கணக்கையே பார்ப்போம். 1979 அக்டோபரில் பிரிட்டனில் இந்தப் பாட்டு முதலிடம் பிடித்தது. அங்கே கதை அதோடு முடியவில்லை: அடுத்து வந்த 'லிவிங் இன் த பிளாஸ்டிக் ஏஜ்' 16-ஆம் இடம் வரை ஏறியது. அமெரிக்காவிலோ அடுத்த ஹிட் இல்லை என்பது உண்மை. ஆனால் இந்த முதல் பாட்டே அங்கே 40-ஆம் இடத்தைத் தாண்டவில்லை. அமெரிக்கர்கள் அதை நினைவில் வைத்திருப்பதற்குக் காரணம் விற்பனை அல்ல. 1981 ஆகஸ்ட் 1-ஆம் தேதி எம்டிவி தொடங்கியபோது முதன்முதலில் ஒளிபரப்பிய வீடியோ இதுதான். ஏறக்குறைய இரண்டு வருடப் பழைய பாட்டை, தலைப்பின் குறும்புக்காகவே எடுத்துப் போட்டார்கள். ஆக, பாட்டு ஹிட்டான நாட்டில் 'ஒரே' என்பது பொருந்தவில்லை. 'ஒரே' பொருந்தும் நாட்டில் 'ஹிட்' என்பதைச் சற்றுத் தாராளமாகத்தான் சொல்ல வேண்டியிருக்கிறது. பம்பாயைச் சேர்த்தால் கணக்கு இன்னும் குழம்பும். 1982-இல் வந்த 'டிஸ்கோ டான்ஸர்' படத்தில் பப்பி லஹரியும் உஷா உதுப்பும் பாடிய 'கோயி யஹான் நாச்சே நாச்சே' இந்த மெட்டிலிருந்து வந்ததுதான். அந்தப் புகழ் எந்தத் தரவரிசையிலும் பகிள்ஸ் பெயரில் வரவாகவில்லை.

இதைவிடப் பெரிய குறை ஒன்று உண்டு. பட்டியல் உறையின்மேல் இருக்கும் பெயரை எண்ணுகிறது; உள்ளே நடந்த வேலையை எண்ணுவதில்லை. பாட்டை ஒருமுறை கவனித்துக் கேளுங்கள். ஹார்னின் குரலில் அடிநாதமும் உச்சமும் வெட்டப்பட்டு, பழைய வால்வு ரேடியோவுக்குள்ளிருந்து வருவதுபோல மெலிந்து ஒலிக்கும். பெண் குரல்கள் சேரும் பல்லவி மட்டும் பளிச்சென்று, அந்தக் காலத்துப் புத்தம்புதிய ஸ்டூடியோ ஒலியாக விரியும். ரேடியோக் காலமும் வீடியோக் காலமும் மோதிக்கொள்வதை வரிகள் சொல்வதற்கு முன்பே ஒலிப்பதிவு சொல்லிவிடுகிறது. இது பாடகர் செய்யும் வேலையல்ல, தயாரிப்பாளரின் வேலை. ஹார்ன் பிறகு போனதும் அந்தப் பக்கம்தான். 1980-இல் இருவருமே யெஸ் குழுவில் சேர்ந்து 'டிராமா' ஆல்பத்தில் பங்கேற்றார்கள். அதன்பின் டவுன்ஸ் ஏசியா குழுவைத் தொடங்கியவர்களில் ஒருவரானார். அதன் முதல் ஆல்பம் 1982-இல் அமெரிக்காவில் ஒன்பது வாரம் முதலிடத்தில் இருந்தது. ஹார்ன் தயாரித்த இரண்டு பாட்டுகள் 1984 ஜனவரியில் அட்லாண்டிக்கின் இரு கரையிலும் முதலிடம் பிடித்தன: அமெரிக்காவில் யெஸ் குழுவின் 'ஓனர் ஆஃப் எ லோன்லி ஹார்ட்', இங்கிலாந்தில் ஃப்ராங்கி கோஸ் டு ஹாலிவுட்டின் 'ரிலாக்ஸ்'. ஒரே ஹிட்காரர் என்று எழுதப்பட்டவருக்கு ஒரே மாதத்தில் இரண்டு!

"அதெல்லாம் வேறு குழுக்களின் கணக்கு, பகிள்ஸ் என்ற பெயருக்கு ஒன்றுதானே?" என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. 1981-இல் வந்த அவர்களின் இரண்டாவது ஆல்பம் பிரிட்டனில் எடுபடவில்லை என்பதும் உண்மை. டவுன்ஸ் பாதியில் விலகிவிட, பெரும்பகுதியை ஹார்ன்தான் முடித்தார். ரசிகர்கள் பெயரையும் முகத்தையும்தான் நினைவில் வைத்திருப்பார்கள், தயாரிப்பாளரை அல்ல என்பதையும் ஒத்துக்கொள்கிறேன். ஆனால் பெயர்தான் அளவுகோல் என்றால், அந்த ஒரு பாட்டாவது முழுக்க அந்தப் பெயருக்குச் சொந்தமா? அதை எழுதியவர்கள் மூன்று பேர். மூன்றாமவரான ப்ரூஸ் வூலி, பகிள்ஸுக்கு முன்பே தன் கேமரா கிளப் குழுவோடு அதே பாட்டை வெளியிட்டுவிட்டார். எல்லோர் வாயிலும் நிற்கும் அந்தப் பல்லவியைப் பாடிய டெபி டாஸ், லிண்டா ஜார்டிம் இருவருமே இரட்டையரில் சேர்த்தி இல்லை. உறைப்பெயரை மட்டும் எண்ணினால், அவர்கள் குரல் இருக்கும் இந்த வெற்றி அவர்கள் கணக்கில் ஏறாது. ஹார்னின் பிற்கால வெற்றிகள் ஹார்ன் கணக்கில் ஏறாததும் அதே விதியால்தான்.