தாளில் இல்லாத தடை

தணிக்கையும் கறுப்புப் பட்டியலும் எழுத்தாளரின் வாயை அடைப்பவைதான். ஆனால் முன்னதை எதிர்த்து வழக்காடலாம். பின்னதை எதிர்க்க, கையில் ஒரு துண்டுத் தாள்கூட இருக்காது.

தனுஷ்கோடிக் கரை மீனவர்களின் துயரத்தைப் படமாக்கியது 'செங்கடல்'. லீனா மணிமேகலை இயக்கினார். ஷோபாசக்தியும் எழுத்தில் பங்குகொண்டார். 2011 தொடக்கத்தில் சென்னைத் தணிக்கை வாரியம் சான்றிதழ் தர மறுத்தது. இந்திய, இலங்கை அரசுகளை வசனங்கள் இழிவுபடுத்துகின்றன என்றது. கடலில் துப்பாக்கிச் சூட்டுக்குப் பிள்ளையைப் பறிகொடுத்த வீடு அரசுகளைப் புகழ்ந்தா பேசும்? மறுப்பு அநியாயமானது. ஆனாலும் அதற்கு ஓர் ஆணை இருந்தது, காரணம் இருந்தது. அதனால்தான் அதே ஆண்டு ஜூலையில் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் படத்தை அனுமதிக்க முடிந்தது.

அந்தத் தீர்ப்பாயத்துக்கு வித்திட்டவரும் ஒரு திரைக்கதையாசிரியரே. 'ஆவாரா' எழுதிய கே. ஏ. அப்பாஸ் தொடுத்த வழக்கில், முன்தணிக்கை செல்லும் என்று 1970இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் மேல்முறையீட்டைத் தனி அமைப்பிடம் விட அரசு அந்த வழக்கில் இசைந்தது. 1983இல் தீர்ப்பாயம் அமைந்தது.

ஹாலிவுட்டின் கறுப்புப் பட்டியலுக்கு எதிராக இப்படி ஒரு வாசல் இருக்கவில்லை. 1947 நவம்பரில் பட முதலாளிகள் கூடி, கம்யூனிஸ்ட் தொடர்பை விசாரித்த நாடாளுமன்றக் குழுவுக்குப் பதில் சொல்ல மறுத்த பத்துப் பேருக்கு வேலையில்லை என்றார்கள். பிறகு அறிவிப்பே இல்லாமல் பலர் ஒதுக்கப்பட்டார்கள். பத்துப் பேரில் ஒருவரான டால்டன் ட்ரம்போ சிறைக்கும் போனார், அடுத்தவர் பெயரில் எழுதிப் பிழைத்தார். 'ரோமன் ஹாலிடே' கதைக்கான ஆஸ்கார் நண்பர் பெயருக்குப் போனது. 1960இல் 'ஸ்பார்ட்டகஸ்' வந்தபோதுதான் அவர் பெயர் திரைக்குத் திரும்பியது.

பணம் போடுபவருக்கு ஆளைத் தேர்ந்துகொள்ளும் உரிமை உண்டு. பிடிக்காத படத்தைப் புறக்கணிக்கப் பார்வையாளருக்கும் உரிமை உண்டு. வெறுப்பை விதைப்பவரை ஒதுக்குவது சமூகத்தின் தற்காப்பு என்ற வாதத்தையும் தள்ளிவிட முடியாது. அவரவர் தனித்து, வெளிப்படையாக முடிவெடுக்கும்வரை இவையெல்லாம் நியாயமே. அத்தனை முதலாளிகளும் பேசிவைத்துக் கதவடைத்தால், அது விசாரணையில்லாத தண்டனை. அதன் நோக்கமும் நிறைவேறவில்லை: ட்ரம்போவின் எழுத்தை மக்கள் பார்த்துக்கொண்டுதான் இருந்தார்கள், பெயரையும் உரிய கூலியையும் அவர்தான் இழந்தார்.

2021 ஏப்ரலில் நம் தீர்ப்பாயம் கலைக்கப்பட்டது. இனி உயர் நீதிமன்றம்தான். பெரிய நிறுவனம் அங்கே போகும். மீனவர்களை நடிக்கவைத்துச் சிறு முதலில் படமெடுப்பவர், வம்பு எதற்கென்று அந்த வசனத்தை எழுதாமலே விடுவார். அப்படிக் கைவிடப்படும் வசனத்துக்கு ஆணையும் இல்லை, முறையீடும் இல்லை. கறுப்புப் பட்டியல் செய்ததும் இதைத்தான். தீர்ப்பாயம் திரும்ப வரவேண்டும்.