பாலு மகேந்திராவின் மலை

மலையகத்தின் வட்டகொடையில் தோட்டத் தொழிலாளர் வாழும் ஒரு லயக் காம்பராவைப் படமாக்க நினைக்கிறவருக்கு முதல் சிக்கல் வெளிச்சம்தான். இஸ்தோப்பைத் தாண்டி வாசல் வழியே வருகிற ஒளி நாலைந்தடிக்குள் தீர்ந்துவிடும். அதற்கப்பால் குசினிப் பக்கம் பகலிலும் இருட்டு. பெரிய விளக்குகளை நிறுத்தினால் சுவர் பளிச்சென்று தெரியும். ஆனால் அங்கே வாழ்கிறவர்களின் இருட்டு காணாமல் போய்விடும்.

இதற்கு விடை வைத்திருந்தவர் மட்டக்களப்பு அமிர்தகழியில் 1939இல் பிறந்த பாலு மகேந்திரா. பள்ளிப் பருவத்தில் கித்துல்கலயில் டேவிட் லீனின் படப்பிடிப்பைப் பார்த்ததுதான் தன்னைச் சினிமாவுக்கு இழுத்தது என்று சொல்லிவந்தவர். பூனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு கற்று, 1974இல் 'நெல்லு' என்ற மலையாளப் படத்தின் மூலம் அறியப்பட்டார். 'கோகிலா'வுக்கும் 'மூன்றாம் பிறை'க்கும் ஒளிப்பதிவுக்கான தேசிய விருது பெற்றார்.

யன்னல் வழி வரும் ஒளியை அவர் நம்பினார். முகத்தின் ஒரு பாதி நிழலில் கிடந்தால் கிடக்கட்டும் என்று விட்டார். மாநிறப் பெண்களை மாநிறமாகவே காட்டினார். 'வீடு' (1988) படத்தில் பாதியில் நிற்கும் கட்டடத்தின் பூசாத சுவரில் விழும் வெயிலே அந்தக் குடும்பத்தின் பணக் கஷ்டத்தைச் சொல்லிவிடுகிறது. பாட்டு ஒன்றுகூட இல்லாத அந்தப் படத்தில் வெளிச்சம்தான் பேசுகிறது. தமிழில் இதற்கு ஈடான ஒளிப்பதிவு மிகக் குறைவு என்பேன்.

ஆனால் மலைக்கு வந்தால் அந்தக் கண் மயங்கிவிடுகிறது. 'மூடுபனி'யிலும் 'மூன்றாம் பிறை'யிலும் நீலகிரி என்பது பனி, தனிமை, காதல். கேத்தி புகையிரத நிலையத்து மழையை மறக்கவே முடியாது; அதை எடுத்த விதத்தில் ஒரு குறையும் இல்லை. என் மனக்குறை வேறு. 1964 சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி இந்தியாவுக்கு அனுப்பப்பட்ட நம் மலையகச் சனங்களில் பலர், அந்தப் படங்கள் எடுக்கப்பட்ட காலத்தில் அதே நீலகிரியில்தான் கொழுந்து பறித்துக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்கு வேலை கொடுக்கவே 1968இல் அங்கே அரசுத் தேயிலைத் தோட்டங்கள் தொடங்கப்பட்டன. இலங்கையிலிருந்து போன அந்தக் கலைஞரின் கதைகளில் இலங்கையிலிருந்து போன அந்தத் தொழிலாளருக்கு இடம் கிடைக்கவில்லை.

இது கமராவின் இயலாமை அல்ல. மகேந்திரன் இயக்கிய 'முள்ளும் மலரும்' (1978) படத்துக்கும் இவர்தான் ஒளிப்பதிவாளர். அதில் மலை ஒரு வேலைத்தலம். விஞ்ச் இயக்குகிற காளியும் அவனோடு வேலை செய்கிறவர்களும் அந்த நிலத்துக்குச் சொந்தமானவர்களாகத் தெரிகிறார்கள். கதை தொழிலாளியிடம் போனபோது இவருடைய கமராவும் கூடவே போனது. சொந்தக் கதைகளில் 'வீடு' வரை வந்த அந்த அக்கறையை அவர் மலைக்குக் கொண்டுபோகவில்லை. எனக்கு அது பெரிய இழப்பாகவே படுகிறது.

கைத்தொலைபேசியில் படமெடுக்கத் தொடங்கியிருக்கும் மலையகத் தம்பி தங்கைகளே, 'வீடு', 'முள்ளும் மலரும்' இரண்டையும் பாருங்கள். ஒளியை அவரிடம் கற்றுக்கொள்ளுங்கள். பிறகு பெரட்டுக்களத்துக்கும் கொழுந்து நிறுக்கிற இடத்துக்கும் போய் எடுங்கள்; அங்கே அவர் எடுக்காத படம் இன்னும் இருக்கிறது.