திருவள்ளுவர் ஆண்டும் ஷயர் நாட்டு நாள்காட்டியும்

திருவள்ளுவர் ஆண்டைக் குறை கூறுவோர் முதற்கண் எடுத்துக்காட்டுவது, அது பிற்காலத்தார் ஆக்கிக்கொண்ட கணக்கு என்பதே. வள்ளுவர் கி.மு. 31இல் பிறந்தார் என்பதற்குக் கல்வெட்டுச் சான்று இல்லை, நூற்சான்றும் இல்லை. அறிஞர் சிலர் கருதி முடிவு செய்த எண் அது. இஃது உண்மையே. எனினும் இக்குற்றம் ஒன்றினாலேயே ஓர் ஆண்டுக்கணக்கைத் தள்ளிவிடலாம் என்றால் உலகில் எக்கணக்கும் எஞ்சாது. கிறிஸ்து ஆண்டும் ஏசு காலத்தில் தோன்றியதன்று. ஐந்து நூற்றாண்டு கழிந்தபின், கி.பி. 525 அளவில் டயோனீசியஸ் என்னும் துறவி கணக்கிட்டு அமைத்தது அது. அவர் கணக்கும் சில ஆண்டுகள் பிழைபட்டது என்பதே இன்றைய ஆய்வாளர் பலரின் கருத்து.

பிரபவ முதல் அட்சய வரை சுழலும் அறுபதாண்டுக் கணக்கைக் காட்டிலும் தொடரெண் மேம்பட்டது என்பதில் ஐயமில்லை. மலாயா விடுதலை பெற்ற 1957 ஹேவிளம்பி ஆண்டு; 2017ஆம் ஆண்டும் ஹேவிளம்பியே. பெயரை மட்டும் நம்பினால் பாட்டனும் பேரனும் ஒரே ஆண்டிற் பிறந்தவர் ஆகிவிடுவர்! வரலாறு எழுதுவோர்க்கு இப்பெயர்கள் பயன்படா. ஆதலின் வள்ளுவர் ஆண்டைப் பற்றி நாம் கேட்க வேண்டிய வினா வேறு. ஆக்கியவர்கள் எவ்வளவு ஆக்கினார்கள், எங்கே நிறுத்திவிட்டார்கள் என்பதே அவ்வினா.

இதனை அளந்து பார்க்க, இல்லாத ஓர் உலகத்துக்காக எழுந்த நாள்காட்டி ஒன்று துணை செய்கிறது. ஆங்கிலப் பேராசிரியர் டோல்கீன் எழுதிய 'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' என்னும் நெடுங்கதையின் மூன்றாம் தொகுதி 1955இல் வெளிவந்தது. அதன் பிற்சேர்க்கையில், ஷயர் என்னும் கற்பனை நாட்டில் வாழும் ஹாபிட் என்ற குள்ள மாந்தரின் நாள்காட்டியை அவர் விளக்கியுள்ளார். பன்னிரு திங்கள், ஒவ்வொன்றுக்கும் சரியாக முப்பது நாள். எஞ்சும் ஐந்து நாள்களில் இரண்டு ஆண்டெல்லையில் நிற்கும்; மூன்று ஆண்டின் நடுவே வரும். அந்நடுநாளுக்குக் கிழமையே கிடையாது. நான்காண்டுக்கு ஒருமுறை கூடும் மிகைநாளுக்கும் இல்லை. இதனால் ஒரு தேதி எந்தக் கிழமையில் வந்ததோ, ஆண்டுதோறும் அதே கிழமையில் வரும்.

இங்கே போற்றத்தக்கது கணக்கன்று. கணக்கிலிருந்து வாழ்க்கை முளைப்பதே. இவ்வமைப்பில் எத்திங்களும் வெள்ளிக்கிழமையில் தொடங்காது. ஆகவே நடவாத காரியத்தை 'முதல்தேதி வெள்ளிக்கிழமை' நடக்கும் என்று அம்மக்கள் கேலி பேசுவராம். அவர்களின் வாரம் சனிக்கிழமை தொடங்கி வெள்ளியில் முடியும். வெள்ளி பிற்பகல் ஓய்வு, மாலையில் விருந்து. இதனைப் படிக்கும் கெடா மாநிலத்தார்க்கு வியப்பு இராது. வெள்ளியும் சனியும் இங்கு விடுமுறை. பண்டார் பாருவில் கிரியான் ஆற்றைக் கடந்து பேராவின் பாரிட் புந்தார் சேர்ந்தால், சனியும் ஞாயிறும் விடுமுறை. ஞாயிறு காலையில் இக்கரைப் பிள்ளைகள் வகுப்பில் இருக்க, அக்கரைப் பிள்ளைகள் ஓய்ந்திருப்பர். வாரம் என்பது வானம் தந்ததன்று என்பதை இவ்வூரார் பாடநூலின்றியே அறிவர்.

திருவள்ளுவர் ஆண்டு இவ்வளவு தூரம் இறங்கி வரவில்லை. கிறிஸ்து ஆண்டோடு 31 கூட்டினால் எண் கிடைக்கும். தை முதல்நாள் தொடக்கம் என்றும் சொல்லியாயிற்று. திங்களும் நாளும் பழைய பஞ்சாங்கத்தின் கையிலேயே உள்ளன. மார்கழிக்கு 29 நாளா 30 நாளா, ஆனிக்கு 31ஆ 32ஆ என்பதைப் பஞ்சாங்கம் பாராது கூற இயலாது. ஞாயிறு மறையுமுன் சூரியன் மகர ராசி புகுந்தால் அன்றே தை முதல்நாள். மறைந்தபின் புகுந்தால் மறுநாள். சென்னையில் மாலை 5.30க்குப் புகுந்தால் அங்கு வெயில் உண்டு. அதே வேளை மலேசியாவில் இரவு 8 மணி. அங்ஙனமாயின் புத்தாண்டு கடலின் இரு கரையிலும் ஒரே நாளா? கூட்டிக் கொண்ட 31 இதற்கு விடை தாராது. மேலும், விண்மீனை வைத்து அளக்கும் நம் ஆண்டு பருவ ஆண்டினும் ஏறத்தாழ 20 நிமிடம் நீண்டது. 1863இல் ஜனவரி 12இல் வந்த மகர சங்கராந்தி இப்போது 14, 15இல் வருகிறது. தை மெல்ல மெல்லப் பருவத்தை விட்டு நகர்கிறது. இவற்றை ஆராயாமல், தையா சித்திரையா என்ற ஒன்றிலேயே ஆற்றல் முழுதும் செலவாயிற்று. 2008இல் தமிழ்நாட்டரசு தையே என்று சட்டம் செய்தது. 2011இல் அடுத்த அரசு அதனை நீக்கியது.

அமைப்பைச் செம்மை செய்தால் மட்டும் போதுமா எனின், போதாது. மேகநாத் சாஹா தலைமையில் அமைந்த குழுவின் பரிந்துரையை ஏற்று, 1957 மார்ச் 22 முதல் இந்திய அரசு சக ஆண்டு நாள்காட்டியை நடைமுறைப்படுத்தியது. திங்கள்தோறும் 30 அல்லது 31 நாள். பருவத்தோடு பிணைந்த தொடக்கம். குறை காண்பது அரிது. ஆயினும் அது அரசிதழிலும் வானொலி அறிவிப்பிலும் நின்றுவிட்டது. அதைப் பார்த்துத் திருமணம் வைப்பார் அரியர். சக ஆண்டுக்கு நாள் உண்டு, அன்பு இல்லை. வள்ளுவர் ஆண்டுக்கோ அன்பு நிறைய உண்டு, நாள் இல்லை. டோல்கீன் ஒருவராக இருந்து இரண்டையும் செய்ய முடிந்தது, அவர் குடிமக்களையும் தாமே படைத்தமையால்.

தோட்டத்துக் கோயில் திருவிழா அழைப்பிதழில் மேலே வள்ளுவர் ஆண்டு, அதன்கீழ் அறுபதில் ஒன்றான பெயர், அதற்கும் கீழே ஆங்கிலத் தேதியும் கிழமையும் அச்சாகியிருப்பதைக் காணலாம். விடுப்புக்கு எழுதுவோர் மூன்றாம் வரியையே பார்த்து எழுதுகின்றனர். கிரியானின் இரு கரையிலும் உறவினர் உள்ளவர்களுக்குத் திருவிழா சனிக்கிழமையில் அமைந்தால்தான் வசதி. இரண்டு மாநிலத்துக்கும் பொதுவான வார விடுமுறை அந்த ஒரு நாளே.