எழுதுகோலும் கொடுங்கோலும்

எழுதுகோல், செங்கோல், கொடுங்கோல், மந்திரக்கோல் ஆகிய நான்கிலும் ‘கோல்’ என்னும் சொல் ஒன்றே நிற்கிறது. எழுதும் கைக்கும் ஆளும் கைக்கும் நெருங்கிய உறவு உண்டு என்பதைத் தமிழின் இச்சொல்லாட்சியே உணர்த்துகிறது. எழுதுகோலே மந்திரக்கோலாகி ஆட்சியும் புரியத் தொடங்கினால் என்ன நேரும்? இவ்வினாவை எழுப்பும் நாவல் ஒன்றை ஈண்டு ஆராய முற்படுகிறோம்.

ஆங்கில எழுத்தாளர் ஜே. கே. ரௌலிங் 1997 முதல் 2007 வரை வெளியிட்ட ஏழு ஹாரி பாட்டர் நாவல்களுள் ஐந்தாவது, 2003ஆம் ஆண்டு வெளிவந்தது. தாயகம் விட்டுப் பிற மாநிலங்களில் வாழும் நம் குடும்பங்களில் பிள்ளைகள் ஆங்கிலத்திலேயே விரும்பிப் படிக்கும் இந்நூல்களை, மாயாசாலக் கதைகள் என்று பெற்றோர் ஒதுக்கிவிடுவதுண்டு. ஐந்தாம் நாவலை அவ்வாறு ஒதுக்குதல் தகாது. மந்திரம் அதன் போர்வை. சட்டமே அதன் உட்பொருள்.

ஹாக்வார்ட்ஸ் மந்திரப் பள்ளிக்கு அமைச்சகத்தால் அனுப்பப்பெறும் ஆசிரியை டொலோரஸ் அம்பிரிட்ஜ். கொடியவன் வால்டமோர்ட் மீண்டுவிட்டான் என்று மாணவன் ஹாரி உரைக்கும் உண்மையை அமைச்சர் ஏற்க மறுக்கிறார். அவ்வுண்மை பரவாமல் காப்பதே அம்மையாரின் தொண்டு. கல்வி ஆணைகள் ஒன்றன்பின் ஒன்றாகப் பிறக்கின்றன. 23ஆம் ஆணை அவரைப் பள்ளியின் தலைமை விசாரணையாளர் ஆக்குகிறது. 24ஆம் ஆணை மாணவர் அமைப்புகளைக் கலைக்கிறது. 26ஆம் ஆணை ஆசிரியர்கள் பாடத்திற்கு அப்பால் பேசுவதைத் தடுக்கிறது. 27ஆம் ஆணையின்படி, ஹாரியின் நேர்காணலை வெளியிட்ட இதழ் எவர் கையில் இருப்பினும் அவர் பள்ளியை விட்டு நீக்கப்படுவார். 28ஆம் ஆணை அம்மையாரையே தலைமை ஆசிரியர் ஆக்கிவிடுகிறது. இன்று அவருக்குப் பிடிக்காதது எதுவோ, அதுவே நாளைக்குக் குற்றம்.

இவ்வாணைகளின் உண்மை இயல்பை ஆசிரியர் ஒரே ஒரு பொருளில் காட்டிவிடுகிறார். அது கூரிய முனையுடைய ஒரு கறுப்பு இறகுப் பேனா. அதற்கு மை வேண்டுவதில்லை. பொய் சொல்லலாகாது என்னும் கருத்துடைய வரியை மீண்டும் மீண்டும் எழுதுமாறு ஹாரிக்குத் தண்டனை விதிக்கப்படுகிறது. அவன் எழுத எழுதத் தாளில் விழும் எழுத்து அவன் குருதியே. அதே எழுத்து அவன் புறங்கையிலும் கீறப்பட்டு, ஆறி, மறுபடி கீறப்பட்டு, இறுதியில் மாறாத் தழும்பாகிறது. மெய் சொன்னவனின் உடலைக் கொண்டே அவன் பொய்யன் என்று எழுதச் செய்யும் இக்கொடுமை, பூனைக்குட்டிப் படங்கள் தீட்டிய தட்டுகள் அலங்கரிக்கும் அறையில், இனிய குரலில் நடைபெறுகிறது. கொடுங்கோல் எப்போதும் உறுமிக்கொண்டு வருவதில்லை என்பதை இளம் வாசகர்க்கு இதைவிடத் தெளிவாக உணர்த்த இயலாது.

இதுவரை ஆசிரியரோடு நாம் முழுமையாக உடன்படுகிறோம். ஆயின், இதே நாவலில் மற்றொரு மந்திர எழுத்தும் உண்டு. அதனைப் பெரும்பாலோர் கவனிப்பதில்லை.

அம்பிரிட்ஜுக்குத் தெரியாமல் தற்காப்புக் கலை பயில மாணவர்கள் கூடுகின்றனர். இரகசியத்தை வெளியிடுவதில்லை என்னும் உடன்பாட்டுடன் அனைவரும் ஒரு தாளில் கையெழுத்திடுகின்றனர். அத்தாளில் ஹாரியின் தோழி ஹெர்மாயனி முன்னரே ஒரு சாபத்தை ஏற்றி வைத்திருந்தாள். கையெழுத்திட்டோரிடம் அப்போது அதைக் கூறவில்லை. பின்னர் மரியெட்டா என்னும் மாணவி அம்பிரிட்ஜிடம் செய்தியைச் சொல்லிவிட, காட்டிக்கொடுத்தவள் என்னும் பொருள்படும் சொல் அவள் முகத்தில் கொப்புளங்களாக எழும்புகிறது. அவள் தாய் அமைச்சகத்தில் பணிபுரிபவர். மகளின் அச்சத்திற்கு அதுவும் ஒரு காரணம். 2005இல் வெளிவந்த ஆறாம் நாவலிலும் அவள் முகத்தின் வடு முற்றும் மறையவில்லை.

ஒன்று புறங்கையில் எழுதியது. மற்றொன்று முகத்தில் எழுதியது. நோக்கத்தில் இரண்டிற்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வேறுபாடு உண்டு என்பதை நாம் மறுக்கவில்லை. முறையில் வேறுபாடு எங்கே? சாபத்தை முன்பே சொல்லியிருக்க வேண்டும் என்று மரியெட்டாவின் தோழி சோ சாங் வாதிடுகிறாள். ஹாரியோ அச்செயலைப் பாராட்டுகிறான். இருவரின் நட்பு முறிகிறது. வினா அங்கேயே கைவிடப்படுகிறது. நியாயமான வினாவை ஒரு பாத்திரத்தின் வாயிலாக எழுப்பிய ஆசிரியர், அதைக் காதலர் ஊடலில் கரைத்துவிட்டது இந்நாவலின் குறை என்பது நம் கருத்து.

வள்ளுவர் செங்கோன்மையையும் கொடுங்கோன்மையையும் 55, 56ஆம் அதிகாரங்களாக அடுத்தடுத்து வைத்தார். 57ஆம் அதிகாரத்திற்கு வெருவந்த செய்யாமை என்று பெயரிட்டு, ஆராய்ந்து, அளவறிந்து ஒறுக்கும் நெறியை வகுத்தார். நல்லாட்சியில் எழுதிய சட்டத்திற்கும் விழும் தண்டனைக்கும் நடுவே ஓர் இடைவெளி இருக்கிறது. விசாரணையும், குற்றம் சாட்டப்பட்டவரின் மறுமொழியும், இரக்கமும் அவ்விடைவெளியில்தான் வாழ்கின்றன. மந்திர எழுத்து அதனை அழித்துவிடுகிறது. சட்டம், நீதிபதி, தண்டனை மூன்றும் ஒரே கீறலில் முடிந்துவிடுகின்றன. ‘ஏன் செய்தாய்?’ என்று அச்சாபம் மரியெட்டாவைக் கேட்கவில்லை. கேட்க அதற்கு வாயில்லை.

2007இல் வந்த இறுதி நாவலில், மந்திரக் குடியில் பிறவாதோரைப் பதிவுசெய்து விசாரிக்கும் ஆணையத்தின் தலைவியாக அம்பிரிட்ஜ் மீண்டும் தோன்றுகிறார். பள்ளியில் பழகிய கை நாட்டையே எழுதத் தொடங்கிவிட்டது. இத்தொடர்ச்சியைக் கண்ட ரௌலிங்கின் நுண்ணறிவு போற்றத்தக்கது. பிள்ளைகள் இந்நூலைப் படித்து முடித்ததும், அம்பிரிட்ஜ் செய்தது சரியா என்று பெற்றோர் வினவ வேண்டியதில்லை. அதற்கு எல்லாப் பிள்ளைகளும் விடை அறிவர். மரியெட்டாவுக்கு நேர்ந்தது சரியா என்று வினவுக. நம்மவர் என்பதற்காக ஒருவர் எழுதிய சட்டத்தை ஆராயாமல் ஏற்கலாமா என்னும் பயிற்சி அவ்வினாவிலிருந்தே தொடங்கும்.