படுகளத்து மண்ணும் கூத்தின் தரமும்

மாசி மகத்தன்று புதுச்சேரி வைத்திக்குப்பம் கடற்கரைக்கு மயிலம் முருகனும் தீவனூர்ப் பிள்ளையாரும் திண்டிவனத்துப் பெருமாளும் தீர்த்தவாரிக்கு வந்து சேர்கிறார்கள். மீனவர் குப்பத்துக்கு உழவர் நாட்டுச் சாமிகள் புறப்பட்டு வரும் இந்தத் தடத்தில்தான் தெருக்கூத்தின் தாயகமும் இருக்கிறது. அறுவடை ஓய்ந்து பங்குனி பிறந்ததும் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதம் தொடங்கிவிடும். பகலில் பிரசங்கியார் கதை சொல்வார்; இரவு விடிய விடியக் கூத்து.

காஞ்சிபுரம், செய்யாறு பக்கத்தை வடக்கத்திப் பாணி என்றும், விழுப்புரம், கடலூர், புதுச்சேரிப் பக்கத்தைத் தெற்கத்திப் பாணி என்றும் பிரிப்பார்கள். அடவிலும் மெட்டிலும் ஒப்பனையிலும் வேறுபாடு உண்டு. ஆனால் எது அசல் என்ற வழக்கு வீண். மரத்தாலான கட்டை அணிகளைக் கட்டுவதும், திரைக்குப் பின்னிருந்து பாடிக்கொண்டே வருவதும், கோமாளியான கட்டியக்காரனின் கேலியும் இரண்டுக்கும் பொது. தரத்தை அளக்கப் பாணியைவிடப் படுகளமே நல்ல இடம். பதினெட்டாம் போர் ஆடிய மறுநாள், கோயில் வெளியில் துரியோதனனைப் பிரம்மாண்டமான மண்ணுருவாகக் கிடத்தியிருப்பார்கள். இரவெல்லாம் ஆடிய வேடக்காரர் அதைச் சுற்றி ஓட, பீமன் துரத்துவான். மண் தொடையில் புதைத்த சிவப்பு நீர் கொப்பளித்ததும் பாஞ்சாலி கூந்தல் முடிப்பாள். சில ஊர்களில் அந்த மண்ணை வீட்டுக்கு எடுத்துப்போவதும் உண்டு. தூக்கமில்லாத கால்களில் அடவு பிசகுகிறதா, குரல் நிற்கிறதா என்பதை வெயிலில் நிற்கும் ஊரே பார்த்துவிடும்.

அப்படியானால் கோயில் வாசலைத் தாண்டிய கூத்து தாழ்ந்ததா என்று கேட்கலாம். அரியான் மனூஷ்கினின் பாரிஸ் நாடகக் குழுவான தியேத்ர் து சொலேய், 2016இல் புதுச்சேரியில் தங்கி, பின்னர் அரங்கேற்றிய ‘இந்தியாவில் ஓர் அறை’ நாடகத்தில் கூத்துக் காட்சிகள் உண்டு. பயிற்சி அளித்தவர் புரிசை கண்ணப்ப சம்பந்தன். அந்தக் கலை பாரிஸில் நின்றதற்குக் காரணம், தலைமுறை தலைமுறையாக ஊர்க் களத்தில் ஆடித் தேர்ந்த புரிசைப் பரம்பரை. பட்டறையில் அடவைக் கற்றுத் தரலாம். பத்து இரவு தொடர்ந்து ஆடும் உடம்பைத் தர முடியாது. சினிமாப் பாட்டு நுழைந்ததுதான் கேடு என்போரும் உண்டு. கட்டியக்காரன் என்றுமே அன்றன்றைய பேச்சை உள்ளே இழுத்தவன்தான். எனக்குக் கவலை வேறு: ஊர்வரி குறைந்து, பத்து இரவுப் பாரதம் ஒரே இரவுக் கர்ண மோட்சமாகச் சுருங்கினால், இளம் ஆட்டக்காரர் எங்கே தேர்வார்?