வாட்டும் தொட்டியும் நிறுக்கும் தராசும்

100 கிலோ பச்சைக் கொழுந்து தொழிற்சாலைக்குள் போனால், மறுநாள் தூளாக வெளியே வருவது 21 அல்லது 22 கிலோ. மற்றதில் ஏறக்குறைய எல்லாமே தண்ணீர். அரைப்பது, நொதிக்க விடுவது, சலித்துத் தரம் பிரிப்பது என்று உள்ளே எத்தனை வேலை நடந்தாலும், எடைக்கணக்கில் தேயிலைத் தொழிற்சாலை செய்கிற பெரிய வேலை இலையிலிருந்து நீரை வெளியேற்றுவதுதான். மஸ்கெலியாவில் அது சுலபமில்லை. பழைய ஊரையே மூழ்கடித்துக்கொண்டு 1969இல் நிறைந்த மவுசாகலை நீர்த்தேக்கம் ஒரு பக்கம். மே தொடங்கிச் செப்டெம்பர் வரை சிவனொளிபாத மலைச் சரிவுகளில் தென்மேற்குப் பருவக்காற்று கொட்டித் தீர்க்கும் மழை இன்னொரு பக்கம். காற்றே ஈரமாய்க் கிடக்கும் ஊரில் காற்றைக் கொண்டு இலையை வாட்ட வேண்டும்.

இங்கே நீரை இரண்டு இடங்களில் கழிக்கிறார்கள். ஒன்று, தொழிற்சாலையின் வாட்டல் தொட்டி. மற்றது, மலையில் கொழுந்து நிறுக்கும் தராசு. முதலாவதற்கு வெப்பமானி உண்டு, அட்டவணை உண்டு, 1925இல் தொடங்கி இன்று தலவாக்கலை சென் கூம்ஸ் தோட்டத்தில் இயங்கும் தேயிலை ஆராய்ச்சி நிலையத்தின் நீண்டகால ஆய்வுகளும் உண்டு. இரண்டாவதற்கு இருப்பது கொழுந்தை நிறுத்து எழுதும் கணக்கப்பிள்ளையின் கண் மட்டும். வாட்டலின் நிறைகுறையைப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் தொட்டியோடு நின்றுவிடுகிறார்கள். தராசையும் சேர்த்துப் பார்க்காத மதிப்பீடு பாதி மதிப்பீடு என்பது என் எண்ணம்.

முதலில் வேதியியல். உயர்தரத்தில் இரசாயனவியல் படிக்கும் பிள்ளையிடம் நீரகற்றல் என்றால், சீனியின் மேல் செறிந்த சல்பூரிக் அமிலத்தை ஊற்றிய சோதனையைச் சொல்லும். வெள்ளைச் சீனி கருத்து, ஆவி கக்கிக்கொண்டு கரித்தூணாக எழும்பும். அந்தச் சீனியில் ஈரம் இருக்கவில்லை. மூலக்கூறுக்குள் கட்டுண்டிருந்த ஐதரசனையும் ஒட்சிசனையும் நீராகச் சேர்த்து அமிலம் பிடுங்கிக்கொண்டது. எதனோல் எதீனாவதும் இப்படித்தான். பழைய பொருள் அழிந்து புதுப்பொருள் பிறக்கிறது. நீலநிறச் செப்புச் சல்பேற்றைச் சூடாக்கினால் வெளுப்பது வேறு வகை. அங்கே பளிங்குக்குள் இருந்த நீர் போகிறது, சொட்டு நீர் விட்டால் நீலம் திரும்புகிறது. இலையில் நடப்பது இரண்டும் அல்ல. கலத்துக்குள் இருக்கும் நீர் இலையின் துளைகள் வழியாகவும் தோல் வழியாகவும் ஆவியாகிறது. அப்படியென்றால் இது வெறும் உலர்த்தல்தானே என்றால், அதுவும் முழு உண்மையில்லை. நன்றாக வாடிய கொழுந்தை மறுபடி தண்ணீரில் போட்டாலும் பறித்தபோதிருந்த கொழுந்து திரும்பாது. நீர் போகிற அதே நேரத்தில் உள்ளே வேறொரு வேலையும் நடந்து முடிந்துவிடுகிறது.

அந்த வேலை கிளையிலிருந்து கொழுந்தைக் கிள்ளிய நொடியிலேயே தொடங்குகிறது. புரதங்கள் உடைந்து அமினோ அமிலங்களாகின்றன. கஃபீன் சற்றுக் கூடுகிறது. வாசனைக்குரிய ஆவிப்பொருள்கள் உண்டாகின்றன. கலச்சவ்வுகள் தளர்ந்து, பிறகு உருட்டும்போது நொதியமும் பொலிபீனோலும் ஒன்றோடொன்று கலக்க வழி ஏற்படுகிறது. இதற்கு வேண்டியது நேரம். தண்ணீர் எவ்வளவு போயிற்று என்பதை இது பெரிதாகப் பார்ப்பதில்லை. ஆகவே வாட்டலுக்குள் இரண்டு கடிகாரங்கள் ஓடுகின்றன. இரண்டும் ஒன்றாக மணி அடித்தால் நல்ல தேயிலை. மழைநாளில் நேரம் போய்விடும், தண்ணீர் போகாது. அவசரப்பட்டு வெப்பக்காற்றை ஏற்றினால் தண்ணீர் போய்விடும், நேரம் போதாது. வாட்டலின் பலமும் பலவீனமும் இந்த இடத்திலிருந்துதான் கிளைக்கின்றன.

பலத்தை முதலில் சொல்லலாம். பச்சைக் கொழுந்தில் 78 சதவீதம் நீர் என்று வைத்துக்கொள்வோம். 100 கிலோ கொழுந்தை வாட்டி 45 கிலோவாக்கினால் 55 கிலோ நீர் போயிற்று. பிறகு உலர்த்தியில் அது 3 சதவீத ஈரத்துக்கு இறங்கும்போது இன்னும் 22 கிலோ சொச்சம் போகிறது. அதாவது மொத்த நீரில் பத்தில் ஏழு பங்கை அடுப்பெரிக்காமலே, மலைக்காற்றைக் கொண்டே வெளியேற்றிவிட முடிகிறது. தொழிற்துறையில் இவ்வளவு மலிவாக நீரை விரட்டும் முறைகள் குறைவு. ஜனவரி முதல் மார்ச் வரை, மேற்குச் சரிவில் வறண்ட குளிர்காற்று வீசும் காலத்தில், இது கிட்டத்தட்ட இலவசம். திம்புள்ளைப் பகுதித் தேயிலை பேர்பெறுவதும் அந்த மாதங்களில்தான். அப்போது இரண்டு கடிகாரமும் தாமாகவே ஒத்துப்போகின்றன.

இந்த மலைக்காற்றை நம்பித்தான் பழைய தொழிற்சாலைகள் நான்கைந்து மாடிகளாக, வரிசை வரிசையாக ஜன்னல் வைத்துக் கட்டப்பட்டன. மேல்மாடிகளில் சாக்குத்துணித் தட்டுகளை அடுக்கி, அவற்றில் கொழுந்தை மெல்லிதாகப் பரப்பி, ஜன்னலைத் திறந்துவிடுவார்கள். 1867இல் லூல்கந்துரையில் ஜேம்ஸ் டெய்லர் தேயிலை பயிரிட்ட ஆரம்பநாட்களில் பங்களாத் திண்ணையில் கையால் உருட்டி, களிமண் அடுப்பில் கரித்தணல் மேல் உலர்த்தினார்கள். 1877இல் சாமுவேல் டேவிட்சன் உருவாக்கிய சிரோக்கோ உலர்த்தி கரித்தணலின் இடத்தைப் பிடிக்கத் தொடங்கியது. ஆனால் மாடியில் வாட்டுவது மட்டும் நெடுங்காலம் மாறவில்லை. கடந்த நூற்றாண்டின் நடுப்பகுதிக்குப் பிறகுதான் நீண்ட தொட்டிகள் வந்தன: கம்பிவலை, அதன்மேல் ஏறக்குறைய ஒரு சாண் உயரத்துக்குக் கொழுந்து, ஒரு முனையில் பெரிய மின்விசிறி, 12 முதல் 18 மணி நேரம். மாடி மாடியாகக் கூடை சுமப்பது குறைந்தது. குறைந்த இடத்தில் அதிகக் கொழுந்து வாடியது. ஈரநாளில் அடுப்பின் வெப்பக்காற்றைக் கலந்து ஊதவும் முடிந்தது.

அந்தக் கடைசி வசதியிலேயே ஆபத்தும் ஒளிந்திருக்கிறது. ஈரக்குமிழ், உலர்குமிழ் வெப்பமானிகளின் வித்தியாசத்தைப் பார்த்து, ஊதும் காற்று 32 பாகையைத் தாண்டாமல் காப்பது, தொழிற்சாலையில் தேயிலை தயாரிப்பைக் கவனிக்கும் நல்ல டீமேக்கரின் பழக்கம். மழை பத்து நாள் விடாமல் பெய்து, அடுத்த கொழுந்து வாசலில் குவியும்போது அந்தப் பழக்கம் நெகிழ்கிறது. தொட்டியின் அடியில் இருக்கும் இலை காய்ந்து நொறுங்க, மேலிருப்பது பச்சையாகவே கிடக்கும். சராசரி எடுத்தால் பதிவேட்டில் சரியான சதவீதம் வந்துவிடும், கோப்பையில் வராது. சதவீதம் என்பது போன தண்ணீரின் கணக்கு மட்டுமே. உள்ளே நடக்க வேண்டியது நடந்ததா என்பதை அது சொல்வதில்லை. பல ஆண்டு அனுபவமுள்ள ஒருவர் ஒரு கைப்பிடி கொழுந்தை உருட்டிப் பிடித்து, முகர்ந்து, விட்டுப் பார்த்துச் சொல்வதற்கு இன்றும் மதிப்பிருப்பது இதனால்தான்.

இன்னொரு குறை, மின்சாரம். தொழிற்சாலையின் மின்செலவில் மிகப் பெரிய பங்கை வாட்டல் விசிறிகள் விழுங்குகின்றன. 2022 மார்ச் இறுதியில் நாட்டில் ஒருநாள் மின்வெட்டு 13 மணி நேரத்தைத் தொட்டது, டீசலும் கிடைக்கவில்லை. பறித்த பிறகும் கொழுந்து சுவாசிக்கிறது. விசிறி நின்றால் குவிந்த கொழுந்து தன் சூட்டிலேயே வெந்து சிவக்கும். திறந்த ஜன்னல் மாடிக்கு அந்தப் பயம் கிடையாது. பழைய மாடிகளுக்குத் திரும்பிப் போகச் சொல்லவில்லை, அதற்கு ஆளும் இல்லை. ஆனால் தொட்டியைப் புகழும்போது இந்தச் சார்பையும் விலைப்பட்டியலில் எழுத வேண்டும்.

உலர்த்தியைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. 90 முதல் 100 பாகைக் காற்றில் இருபது நிமிடமளவில் நொதிப்பை நிறுத்தி ஈரத்தை 3 சதவீதத்துக்கு இறக்குவது அதன் வேலை. வேகம் மிஞ்சினால் மேல்தோல் இறுகி உள்ஈரம் மாட்டிக்கொள்ளும், பிறகு பெட்டியில் பூஞ்சணம். ஒரேயொரு கணக்கை மட்டும் கவனிக்கலாம். 100 கிலோவை 45 கிலோவுக்கு வாட்டாமல் 50 கிலோவிலேயே நிறுத்திவிட்டால், உலர்த்தி ஆவியாக்க வேண்டிய நீர் ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் கூடுகிறது. அவ்வளவுக்கு விறகும் கூடும். வாட்டலில் மிச்சம் பிடித்ததாக நினைப்பது அடுப்பில் போகிறது.

இனித் தராசு. காலை, மதியம், மாலை என்று கொழுந்து நிறுக்கும்போதெல்லாம் சாக்குக்கும் தண்ணீருக்கும் என்று சில கிலோவைக் கழிப்பது மலையகத்தில் பழைய வழக்கம். இதற்கு நியாயமே இல்லை என்று நான் சொல்லமாட்டேன். மழையில் பறித்த கொழுந்தின் மேல் ஒட்டியிருக்கும் நீர் இலையின் நீர் அல்ல. அது போன பிறகுதான் உண்மையான வாட்டலே தொடங்கும். தொட்டியில் சில மணி நேரம் அதற்கே செலவாகிறது. அந்த நீரைக் கொழுந்தின் விலைக்கு வாங்க எந்தத் தோட்டமும் விரும்பாது. வேண்டுமென்றே கூடையை நனைத்துக்கொண்டு வருவார்கள் என்ற பழைய சந்தேகத்தையும் துரைமார் சேர்த்துக்கொள்வார்கள். படங்குச் சாக்கைக் கட்டி, தலையில் கம்பளி போட்டு, அட்டைக் கடியோடு சரிவில் நிற்கிறவளுக்குக் கூடையைத் தனியாக நனைக்க வேண்டிய அவசியம் மஸ்கெலியா மழையில் என்ன இருக்கிறது என்பது வேறு கேள்வி.

கழிப்பதை விட, கழிக்கும் விதம்தான் கோளாறு. தொழிற்சாலைக்குள் அரைச் சதவீத ஈரத்துக்கும் கருவி வைத்து அளப்பவர்கள், வாசலுக்கு வெளியே 2 கிலோ, 3 கிலோ என்று முழு எண்ணில் மதிப்பிடுகிறார்கள். மதிப்பீட்டில் பிழை வருவது இயல்பு. ஆனால் இயல்பான பிழை சிலநாள் கூடவும் சிலநாள் குறையவும் வர வேண்டும். இங்கே ஒரே பக்கம் சாய்கிறது என்பதுதான் தொழிலாளர் சொல்லிவரும் குறை. விளைவும் சிறியதல்ல. ஒரு பேருக்கு, அதாவது முழு நாட்சம்பளத்துக்கு, 18 கிலோ வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். ஒருத்தி நாள் முழுவதும் 20 கிலோ எடுக்கிறாள். மூன்று நிறுவையில் கிலோ கிலோவாகக் கழித்தால் 17. பேர் விழவில்லை. முழு நாட்சம்பளம் அவளுக்கு அன்று அரைப்பேராகவோ கிலோக் காசாகவோ சுருங்குகிறது. தொட்டியில் நேரும் பிழையின் நட்டம் கொழும்பு ஏலத்தில் பெரிய தொகையோடு கலந்து கரைந்துபோகும். தராசின் பிழை ஒரு வீட்டின் மாதச் சாமான் கணக்கில் அப்படியே நிற்கும்.

இந்தப் பிழையைக் கண்டுபிடிக்கப் புதுக்கருவி எதுவும் வேண்டாம். சான்று தொழிற்சாலையின் பதிவேட்டிலேயே கிடக்கிறது. பதிவான கொழுந்துக்கு எத்தனை சதவீதம் தூள் கிடைத்தது என்பதை ஒவ்வொரு தொழிற்சாலையும் கணக்கு வைக்கிறது. உண்மையில் 1,000 கிலோ கொழுந்து வந்து 215 கிலோ தூள் கிடைத்தால் அது 21.5 சதவீதம். மலையில் 100 கிலோவை அநியாயமாகக் கழித்து 900 என்று எழுதியிருந்தால், அதே 215 கிலோ கிட்டத்தட்ட 24 சதவீதமாகத் தெரியும். கொழுந்துக்கு அவ்வளவு விளைச்சல் கிடையாது. கழித்தது உண்மையான மழைநீர் என்றால் மாதச் சதவீதம் வழமையான அளவிலேயே நிற்கும். கூடுதலாகக் கழித்திருந்தால் அது தூளாக மாறி மேலே மிதந்து வந்தே தீரும். மலையின் எடையையும் தொழிற்சாலை வாசலின் எடையையும் தூளின் எடையையும் ஒரே தாளில் பக்கத்துப் பக்கத்தில் எழுதி மாதமொருமுறை ஒட்டினால் போதும். தொழிற்சங்கம் கத்தவும் வேண்டாம், நிர்வாகம் மறுக்கவும் வேண்டாம்.

நாளுக்கு நாள் நடக்கும் நிறுவைக்கு வேறு வழியும் இருக்கிறது. அந்த வேளைக் கொழுந்தில் ஒரு கிலோவை மாதிரியாக எடுத்து, துளையுள்ள பையில் போட்டு, சிறிய சுழலியில் ஒட்டுநீரை உதறிவிட்டு மறுபடி நிறுத்தால், கழிக்க வேண்டிய சதவீதம் எல்லோர் கண்முன்னும் வந்துவிடும். இதிலும் குறை உண்டு. பனிமூடிய மேட்டில் எடுத்தவளின் கொழுந்தும் பள்ளத்தில் எடுத்தவளின் கொழுந்தும் ஒரே அளவு நனைந்திருக்காது. பொதுச் சதவீதம் ஒருத்திக்குச் சாதகமாகவும் மற்றவளுக்குப் பாதகமாகவும் போகலாம். ஆனால் அந்தப் பிழை இரண்டு பக்கமும் விழும். எண்ணியல் தராசு மட்டும் வாங்கிவைத்துவிட்டுச் சீர்திருத்தம் என்று சொல்வதில் எனக்கு நம்பிக்கையில்லை. தராசு கிராம் வரை சரியாகக் காட்டிய பிறகு, கழிக்கும் எண்ணைக் கையால் அழுத்துவதென்றால் பழைய கதைதான்.

சாக்கின் எடை இதில் மிகச் சுலபமானது. வெறும் சாக்கை ஒருமுறை நிறுத்து எழுதிவிட்டால் முடிந்தது. தண்ணீரின் பெயரால் நடப்பதைச் சோதிக்கவும் பெரிய ஆய்வு வேண்டியதில்லை. பெப்ரவரியில், பனி உலர்ந்த பிறகு, வெயில் காய்கிற பிற்பகல் நிறுவையில் எத்தனை கிலோ கழிந்தது என்று சம்பளச் சீட்டையும் செக்ரோல் என்கிற வேலைப் பதிவேட்டையும் எடுத்துப் பார்க்கலாம். அந்த வேளைக்கும் ஜூலை மழைக்கும் ஒரே எண் இருந்தால், அங்கே கழிக்கப்பட்டது தண்ணீர் அல்ல.